முடியேன் என்றொரு பாட்டு

என் வாழ்க்கையில் நான் எழுதியது ஒரே ஒரு பாட்டு. அதில் ஒரே ஒரு எழுத்தை மாற்றினார்கள். மாற்றிய பாட்டைத்தான் தாம்பரத்திலிருந்து பல்லாவரம் வரைக்கும் கல்யாண மண்டபங்களில் போட்டார்கள், வளைகாப்பில் போட்டார்கள், ஷேர் ஆட்டோக்களில் போட்டார்கள். அந்த மெட்டு காதில் விழுந்தால் இப்போதும் எனக்கு வயிறு எரியும். ஒரு எழுத்துக்கா இவ்வளவு கோபம் என்று கேட்டவர்கள் இருக்கிறார்கள். அவர்களில் முதல் ஆள் என் கணவர்.

அப்போது அஸ்தினாபுரத்தில் இருந்தோம். பெயரைக் கேட்டதும் வெளியூர் உறவினர்கள், ‘அரண்மனை எந்தப் பக்கம்?’ என்று சிரிப்பார்கள். குரோம்பேட்டை ரயில்வே கேட்டைத் தாண்டி உள்ளே வந்தால் செம்மண் தெருக்கள், பாதி கட்டி நிறுத்திய வீடுகள், மழை பெய்தால் முழங்கால் வரை தண்ணீர். அப்பா பாரிமுனையில் குமாஸ்தா. காலையில் மின்சார ரயிலைப் பிடிக்க ஓடுவார். சாயங்காலம் வந்ததும் ரேடியோவை நிறுத்தச் சொல்வார். நான் பகலில் ஒரு டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் தமிழ் லோயர் பரீட்சைக்குச் சொல்லிக்கொடுத்தேன். சனி, ஞாயிறுகளில் மெல்லிசைக் குழு ஒன்றில் பெண் குரல் நான்தான். குழுத்தலைவர் எங்கள் வீட்டுக்கே வந்து, பெண்ணைப் பத்திரமாகக் கொண்டுவந்து விடுகிறோம் என்று அப்பாவிடம் வாக்குக் கொடுத்திருந்தார். அதையும் அவர் ஒருநாள்கூடத் தவறவிட்டதில்லை.

அவரை நான் அண்ணா என்று கூப்பிடுவேன். பகலில் ஒரு தொழிற்சாலையில் ஸ்டோர் கீப்பர், ஓய்வு நாட்களில் கீபோர்டு. பாடப் போன இடத்தில் எனக்குத் தனியாகச் சாப்பாடு எடுத்து வைக்கச் சொல்வார். யாராவது மேடைக்குக் கீழே நின்று ஏதாவது கத்தினால் மைக்கிலேயே அதட்டுவார். அவர் நல்லவர் என்பதுதான் என் கஷ்டம். கெட்டவராக இருந்திருந்தால் நான் நிம்மதியாகத் திட்டிவிட்டு மறந்திருப்பேன்.

எனக்கு அப்போது இடுப்புக்குக் கீழே தொங்கும் முடி. வீட்டில் அதனால் தினமும் சண்டை. தலைக்குக் குளித்துவிட்டுக் காயவிட்டால் அம்மாவுக்குப் பொறுக்காது. ‘தலைய விரிச்சுப் போட்டுக்கிட்டு வாசல்ல நிக்காதே. வெள்ளிக்கிழமையும் அதுவுமா என்ன கோலம் இது’ என்பாள். ஈரத்தோடு பின்னிக்கொண்டு தலைவலி வந்தாலும் பரவாயில்லை, அவிழ்ந்து மட்டும் இருக்கக் கூடாது. மேடையிலும் அதே கதைதான். ஒருமுறை அவசரத்தில் பின்னாமல் வந்துவிட்டேன் என்று அண்ணாவே பூ வாங்கிவரச் செய்து, ‘பின்னிக்கிட்டு ஏறும்மா, குடும்பப் பாங்கா இருக்கணும்’ என்றார்.

நாவலூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் திரௌபதி அம்மன் கோயில் தீமிதிக்குப் பாடக் கூப்பிட்டிருந்தார்கள். அந்தப் பக்கமெல்லாம் அப்போது வயலும் சவுக்குத் தோப்பும்தான். சாயங்காலம்தான் கச்சேரி என்றாலும் வேன் கிடைத்த நேரம் காலையிலேயே போய் இறங்கிவிட்டோம். கோயில் மைதானத்தில் கூத்து நடந்துகொண்டிருந்தது. தரையில் ஒரு பெரிய மண் உருவத்தைப் படுக்கவைத்திருந்தார்கள். திரௌபதியைச் சபைக்கு இழுத்துவரச் சொன்ன அரசன் அவன். திரௌபதி வேஷம் கட்டிய ஆண் ஒருவர், தலையை விரித்துப் போட்டபடி அந்த உருவத்தைச் சுற்றிச் சுற்றி ஓடிவந்தார். திருவிழா தொடங்கிய நாளிலிருந்து அம்மனுக்கு அவிழ்ந்த கூந்தல்தானாம். அத்தனை நாளும் ஊரே அவளிடம் பயந்து நடந்திருக்கிறது. அவள் பெயரைச் சொல்லி ஒரு கெட்ட வார்த்தை பேச மாட்டார்களாம், கறி சமைக்க மாட்டார்களாம்.

பிறகு மண் உருவத்தின் தொடையில் வைத்திருந்த சிவப்புச் சாந்தை எடுத்துத் தலையில் பூசிக் கூந்தலை முடிந்தார்கள். குலவை போட்டார்கள். என் பக்கத்தில் நின்ற பெண்கள் எல்லாரும் அவிழ்த்து விட்டிருந்த தங்கள் தலையையும் அள்ளி முடிந்துகொண்டார்கள். அன்றைக்குக் காலையில் குளித்துவிட்டு நானும் விரித்துத்தான் போட்டிருந்தேன். என் கையும் என்னைக் கேட்காமல் மேலே போய்க் கொண்டை போட்டுக்கொண்டது. எனக்கு முன்னால் நின்றிருந்தவளை அவள் புருஷன் தோளில் தட்டி, ‘அதான் அம்மா தல முடிஞ்சுகினாளே, இன்னும் இன்னா வேடிக்க பாத்துகினு கீறே? வூட்டுக்குப் போய் சோத்த ஆக்கு’ என்றான். அவளும் போய்விட்டாள்.

எனக்கு எரிச்சலாக இருந்தது. அம்மன் தலை அவிழ்ந்து கிடந்த வரைக்கும் அவள் சாமி. முடிந்த மறு நிமிடம் எல்லாரும் சோறு ஆக்கப் போக வேண்டும். பழி தீர்ந்தால் என்ன, அவள் ஏன் முடிய வேண்டும்? முடிந்துகொண்டு மறுபடி எந்தச் சபையில் போய் உட்கார வேண்டும்? முடியவே மாட்டேன் என்று அவள் எழுந்து நடந்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று வேனில் திரும்பி வரும்போது யோசித்துக்கொண்டே வந்தேன்.

அடுத்த வாரம் இன்ஸ்டிடியூட்டில் மாணவர்கள் போன பிறகு, கடைசி வரிசை மெஷினில் அந்தப் பாட்டைத் தட்டினேன். பேனாவைவிட எனக்கு அதுதான் பழக்கம். 

‘அஸ்தினாபுரத்தில் கேட்டாங்க, முடியேன்,
ஆளுக்கு ஆள் சீப்பு நீட்டினாங்க, முடியேன்,
காத்து வந்தா காத்தோட போகும் என் கூந்தல்,
முடியேன் முடியேன் முடியேன்.’ 

பெரிய கவிதை இல்லை, எனக்கே தெரியும். ஆனால் அந்தச் சொல் எனக்குப் பிடித்திருந்தது. முடியேன் என்றால் கூந்தலை முடிய மாட்டேன். கொஞ்சம் காதைத் தீட்டிக் கேட்டால், முடியாது போ என்று சொல்வதும் அதற்குள் இருக்கும். எங்கள் வீட்டில் முடியாது என்கிற சொல்லை அப்பா மட்டுமே பயன்படுத்தினார். எனக்கு அதை ஒரு பாட்டுக்குள் ஒளித்தாவது சொல்லிப் பார்க்க வேண்டியிருந்தது.

சினிமாவில் வராத பாட்டுகள் அப்போதுதான் கேசட்டில் வரத் தொடங்கியிருந்தன. பாப் என்றார்கள். அண்ணாவுக்கும் ஒரு கேசட் போட்டுவிட வேண்டும் என்று ஆசை. எட்டுப் பாட்டு வேண்டும், ஏழுதான் தேறியது. நான் தயங்கித் தயங்கி அந்தக் காகிதத்தை நீட்டினேன். அவர் அதை இரண்டு முறை படித்தார். பிறகு கீபோர்டில் ஒரு பறை அடியைப் போட்டு, அதன் மேல் அந்தப் பல்லவியைப் பாடினார். ‘முடியேன்’ வருகிற இடத்தில் தாளத்தை நிறுத்திவிட்டு என் குரலை மட்டும் தனியாக விட்டிருந்தார். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. என் சொல்லை ஒருவர் அவ்வளவு மதித்தது அதற்கு முன்னாலும் இல்லை, பின்னாலும் இல்லை. இதைச் சொல்லாமல் விட்டால் அவருக்கு நான் அநியாயம் செய்தவளாவேன்.

சேலையூரில் ஒரு வீட்டு மாடியில் ரெக்கார்டிங். சுவரெல்லாம் சாக்குப் பையை ஒட்டிய சின்ன அறை. மின்விசிறி சத்தம் விழும் என்று அதை நிறுத்திவிட்டுப் பாட வேண்டும். வேர்வை வழிய நான் அந்தப் பாட்டை மூன்று முறை பாடினேன். மூன்றாவது டேக் சரியாக வந்தது. கடைசி ‘முடியேன்’ முடிந்ததும் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அண்ணா இரண்டு கையையும் தூக்கிக் காட்டினார். அன்று காலை பதினோரு மணியிலிருந்து மத்தியானம் சாப்பாடு வரைக்கும் என் பாட்டு நான் எழுதியபடியே உலகத்தில் இருந்தது.

சாப்பாட்டுக்குப் பிறகு கேசட்டுக்குச் செலவு செய்கிறவர் வந்தார். பல்லாவரத்தில் கூந்தல் தைலம் காய்ச்சி விற்கிறவர். எங்களுக்கு முறுக்கு வாங்கி வந்திருந்தார். என் பாட்டைப் போட்டுக் காட்டினார்கள். அவர் தொடையில் தாளம் போட்டுக்கொண்டே கேட்டார். முடிந்ததும் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

‘தங்கச்சி, பாட்டு ஷோக்கா கீது. ஆனா இது இன்னாம்மா, முடி ஏன், முடி ஏன்னு கேட்டுகினே கீதே?’ என்றார். ‘முடி எதுக்குன்னு கேக்கறா மாதிரி கீது. நான் முடி வளர்றதுக்குத் தைலம் விக்கிறவன்மா.’

அறையில் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். நானும் சிரித்தேன். ‘அது முடி ஏன் இல்லீங்க. முடியேன். முடிய மாட்டேன்னு அர்த்தம்’ என்றேன்.

‘எது முடியாது?’

‘கூந்தல முடிய மாட்டேன். தலைய வாரிக் கட்டிக்க மாட்டேன்.’

‘ஏன் கட்டிக்க மாட்டே? நம்ம தைலம் போட்டா சிக்கே வுழாதும்மா’ என்றார். கிண்டலே இல்லை, உண்மையான அக்கறையோடு சொன்னார்.

நான் திரௌபதியைப் பற்றிச் சொன்னேன். நாவலூரில் பார்த்ததைச் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டார். அவருக்கும் அந்த அம்மன்தான் குலதெய்வமாம், கன்னத்தில் போட்டுக்கொண்டார். ‘ஆத்தாளே கடைசில முடிஞ்சுகினாளே. அத்தப் பாடேன்’ என்றார். பேச்சு அதோடு தீர்ந்தது. அவருக்குத் தெரிந்த கதையின் முடிவு அது. என் முடிவு அவர் காதில் ஏறவே இல்லை.

அண்ணா என்னைப் படிக்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். ‘ஒரே எழுத்துதாம்மா. யே-வை எடுத்துட்டு வே போட்டுக்கோ. முடிவேன். மெட்டு அப்படியே உக்காரும். பல்லவிய மட்டும் மாத்திப் பாடிடு’ என்றார். நான் மாடிக் கதவைத் திரும்பிப் பார்த்தேன். ‘குழுவுல ஒன்பது பேரும்மா. ரெண்டு வருஷமா இந்தக் கேசட்டத்தான் நம்பிக்கிட்டு இருக்கோம். உனக்கே தெரியும்’ என்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

ஒரு எழுத்து என்றால் என்னவென்று அவருக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். இன்ஸ்டிடியூட்டில் தினமும் பிள்ளைகளின் தாளில் ஒரு எழுத்து மாறியதற்குச் சிவப்பு மையால் வட்டம் போடுகிறவள் நான். அங்கே, அந்தப் படிக்கட்டில், நான் சொல்ல வேண்டியிருந்ததும் ஒரே ஒரு சொல்தான். முடியாதுண்ணா. அவ்வளவுதான். அவர் அடித்திருக்க மாட்டார், திட்டியிருக்க மாட்டார். ஏழு பாட்டோடு கேசட் வந்திருக்கும், இல்லை, வராமலே போயிருக்கும்.

‘சரிண்ணா’ என்றேன்.

அதே டேப்பின் மேலேயே பதிவு செய்தார்கள். பழைய பல்லவி வருகிற இடங்களில் மட்டும் நிறுத்தி நிறுத்தி, என் குரலின் மேல் என் குரலையே வைத்து அழித்தார்கள். முடிவேன், முடிவேன், முடிவேன். மிச்ச வரிகளுக்கும் ஒட்டுப் போட வேண்டியிருந்தது. ஆளுக்கு ஆள் சீப்பு நீட்டினார்கள், முடிவேன் என்று ஆனது. சீப்பைக் கொடுத்ததும் வாங்கிக்கொள்கிறவள் ஆகிவிட்டாள் என் திரௌபதி. காத்து வந்தால் போகும் என்ற இடத்தில் பூ வைத்தால் மணக்கும் என்று வந்தது. தைலக்காரர் சந்தோஷமாகத் தலையாட்டினார். எனக்கு இன்னொரு முறுக்கு கொடுத்தார்.

கேசட் வந்தது. அட்டையில் பின்னிய ஜடையோடு ஒரு பெண், கீழே தைலப் பாட்டில். பாடல்கள் என்ற இடத்தில் அண்ணாவின் பெயர் மட்டும் இருந்தது. ‘அச்சுக்குக் குடுத்தவன் தப்புப் பண்ணிட்டாம்மா’ என்றார். எனக்கு அது நிம்மதியாகவே இருந்தது. அந்தப் பாட்டின் கீழே என் பெயர் வர வேண்டாம்.

மற்ற ஏழும் போன இடம் தெரியவில்லை. இது மட்டும் பிடித்துக்கொண்டது. மணப்பெண்ணுக்கு ஜடை தைக்கும்போது போடத் தோதான பாட்டு வேறு எது இருந்தது? குரோம்பேட்டையில் ஒரு பூக்கடைக்காரர் நாள் முழுவதும் அதையே ஓட்டினார். நான் ரயில்வே கேட்டுக்கு இந்தப் பக்கம் ரயில் போவதற்காக நிற்கும்போது அந்தப் பக்கத்திலிருந்து என் குரல் வரும். முடிவேன் என்றால் கட்டிக்கொள்வேன் என்று அர்த்தம். தீர்ந்துபோவேன் என்றும் ஒரு அர்த்தம் இருக்கிறது. டைப் அடிக்கிறவளுக்கு அது தெரியாமல் இருக்குமா?

மேற்குத் தாம்பரத்திலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளைக்கு அரசாங்க வேலை. பஜ்ஜி சாப்பிட்டு முடித்ததும் வழக்கம்போல ஒரு பாட்டுப் பாடச் சொன்னார்கள். அம்மா கண்ணாலேயே ஒரு அம்மன் பாட்டைக் காட்டினாள். ஆனால் மாப்பிள்ளையின் அக்கா, ‘கேசட்ல பாடினது நீங்கதானாமே? அந்த முடிவேன் பாட்டைப் பாடுங்களேன், எங்க வீட்ல எல்லாருக்கும் பிடிக்கும்’ என்றார். மாப்பிள்ளையும் சிரித்தார். நல்ல சிரிப்புதான்.

அப்போதும் எனக்கு ஒரு வாய்ப்பு இருந்தது. தைலக்காரர் இல்லை, டேப் இல்லை, அழிக்க ஆளில்லை. நான் எழுதியபடியே பாடியிருக்கலாம். ஆனால் அப்பா நாற்காலியின் நுனியில் உட்கார்ந்திருந்தார். எனக்குக் கீழே இரண்டு தங்கைகள் கதவுக்குப் பின்னால் நின்றிருந்தார்கள். நான் முடிவேன் என்றே பாடினேன். மாப்பிள்ளையின் அம்மா எழுந்து வந்து என் பின்னலைத் தொட்டுப் பார்த்து, சவுரி இல்லை என்று உறுதி செய்துகொண்டு, பூ வைத்துவிட்டார்.

கல்யாணத்துக்குப் பிறகு மேடை வேண்டாம் என்றார்கள். கோபமாகச் சொல்லவில்லை. ‘நம்ம குடும்பத்துக்குச் சரிவராதும்மா, வீட்ல பாடேன், யாரு வேணாங்கிறா?’ என்றார் மாமியார். எங்கள் வரவேற்பில் அண்ணாவின் குழுதான் வாசித்தது. எனக்குப் பதிலாக வந்திருந்த புதுப் பெண் அந்தப் பாட்டைப் பாடினாள். அண்ணா மேடையிலிருந்து என்னைப் பார்த்துக் கும்பிட்டார். நகையும் ஜடையும் கழுத்தை இழுக்க, நானும் கும்பிட்டேன்.

கணவரிடம் ஒருமுறை முழுக் கதையையும் சொன்னேன். ‘ஒரு எழுத்துதானே, விடு’ என்றார். அவரைக் குறை சொல்லிப் பயனில்லை. நானே விட்டதைத்தானே அவர் விடச் சொன்னார்.

தொண்ணூறுகள் முடியும் நேரம். என் மகள் இரண்டாம் வகுப்புப் படித்தாள். பள்ளி ஆண்டு விழாவில் அவள் வகுப்புக்கு ஒரு நடனம். என்ன பாட்டு என்று சொல்லாமலே ஒத்திகை பார்த்திருந்தார்கள். அன்று காலை அவளுக்கு நான்தான் தலை வாரினேன். டீச்சர் சொல்லியனுப்பியபடி இரட்டைப் பின்னல், பிளாஸ்டிக் பூ, குஞ்சலம். ‘வலிக்குதும்மா’ என்றாள். ‘ஆடாம நில்லு’ என்று இன்னும் இழுத்துப் பின்னினேன்.

மைதானத்தில் ஷாமியானா போட்டிருந்தார்கள். நாற்காலிகளில் அம்மாக்கள். என் மகளும் இன்னும் பத்துப் பிள்ளைகளும் ஆளுக்கொரு பிளாஸ்டிக் சீப்போடு மேடைக்கு வந்தார்கள். ஒலிபெருக்கியில் அந்தப் பறை அடி விழுந்தது. நான் எழுந்து போய்விடலாமா என்று நினைத்தேன். பிள்ளை என்னைத் தேடிக்கொண்டிருந்தாள், கையை ஆட்டினாள். பிறகு என் இருபத்து மூன்று வயதுக் குரல் வந்தது. பல்லவியில் தாளம் நின்று அந்தக் குரல் மட்டும் தனியாக வருகிற இடத்தில், எனக்கே தெரியாமல் என் வாய் முணுமுணுத்துவிட்டது. முடியேன், முடியேன், முடியேன். ஒன்பது வருடத்தில் முதல் தடவை.

பக்கத்து நாற்காலிப் பெண் என் பக்கம் சாய்ந்தார். வேறு வகுப்புப் பிள்ளையின் அம்மா. பட்டுப்புடவை, சிரித்த முகம்.

‘முடியேன் இல்லீங்க, முடிவேன்’ என்றார். ‘நிறைய பேர் தப்பாத்தான் பாடுறாங்க.’

நான் அவர் முகத்தைப் பார்த்தேன். சொல்லியிருக்கலாம். அது என் பாட்டு, அந்தக் குரல் என் குரல், தப்பு அதில்தான் என்று சொல்லியிருக்கலாம்.

‘அப்படியா? சாரிங்க’ என்றேன்.

விழா முடிந்து ஆட்டோவில் வரும்போது மகள் என் மடியில் சாய்ந்திருந்தாள். இழுத்துப் பின்னிய முடியோரமெல்லாம் நெற்றி சிவந்திருந்தது. ‘தலை வலிக்குதும்மா, அவுத்துவிடவா?’ என்றாள்.

‘வீட்டுக்குப் போற வரைக்கும் முடியாது’ என்றேன். யாரிடமும் சொல்ல வராத அந்தச் சொல், அவளிடம் ஒரு நொடிகூடத் தயங்காமல் வந்துவிட்டது.